சண்டாளன் ஜெர்மனிக்குப் போன கதை

எங்க ஆயாவுக்குக் கோபம் வந்தால் வாயில் வருகிற முதல் வார்த்தை 'சண்டாளப் பாவி'. கோழியை அடைக்க மறந்தாலும் அதுதான், பள்ளிக்கூடம் போகாமல் ஏரிக்கரையில் சுற்றினாலும் அதுதான். சண்டாளன் யாரென்று அதுக்கும் தெரியாது, திட்டு வாங்கின எங்களுக்கும் தெரியாது. சேரிக்குள்ளே உட்கார்ந்துகொண்டு, சேரிக்காரனுக்குச் சாஸ்திரம் வைத்த பெயராலேயே ஒருத்தரை ஒருத்தர் திட்டிக்கொண்டிருந்திருக்கிறோம். இது எனக்கு உறைத்தது கல்லூரி விடுதியில். அதுவும் மனுவைப் படித்து அல்ல, ஒரு ஜெர்மன்காரரைப் படித்து.

விடுதியில் எங்களுக்கு மூத்த அண்ணன் ஒருத்தர் இருந்தார். இலக்கியக் கூட்டம் எங்கே நடந்தாலும் பஸ் ஏறிப் போய்விட்டு வருகிறவர். அவர்தான் நீட்ஷேயின் ஆங்கிலப் புத்தகம் ஒன்றைக் கையில் திணித்து, "படிடா, கடவுளையே காலி பண்ண ஆளு. நம்ம ஆளு" என்றார். அகராதியை வைத்துக்கொண்டு ராத்திரி ராத்திரியாகப் படித்தேன். பாதிரிமாரையும் பழைய ஒழுக்கத்தையும் அந்த மனுஷன் போட்டுக் கிழிக்கிற வேகம் எனக்குப் பிடித்திருந்தது. அப்படியே போய்க்கொண்டிருந்தபோது ஒரு பக்கத்தில் 'சண்டாளன்' என்று இருந்தது. முதலில் நான்தான் தப்பாகப் படிக்கிறேன் என்று நினைத்தேன். இல்லை. ஆயா திட்டின அதே சண்டாளன்தான்.

மறுநாள் அண்ணனிடம் போய்க் கேட்டேன். "அதெல்லாம் அவரோட தங்கச்சி பண்ண வேலைடா. அவ நாஜிக்காரி" என்று சொல்லி அனுப்பிவிட்டார். பல வருஷம் அந்தப் பதிலை நம்பிக்கொண்டிருந்தேன். அது சரியான பதில் இல்லை என்பதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை. ஜெர்மன் பாசிசத்தின் கருத்தியல் வேர்களைத் தேடிப் போகிறவர்கள் 'ஆரியன்' என்ற சொல் இந்தியாவிலிருந்து போனதைச் சொல்வார்கள். அது எல்லாருக்கும் தெரியும். ஆரியன் தனியாகப் போகவில்லை, சண்டாளனையும் கூட்டிக்கொண்டு போனான் என்பதை யாரும் சொல்வதில்லை.

1

அந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று பார்ப்போம். புத்தகம் 'சிலைகளின் அந்தி'. 1888இல் எழுதியது, 1889 ஜனவரியில் வெளிவந்தது. மனிதர்களைத் 'திருத்துகிறவர்கள்' பற்றிய அதிகாரம் அது. மனிதர்களைக் கையாள ஒழுக்கத்துக்கு இரண்டு வழி உண்டு என்கிறார் நீட்ஷே. ஒன்று, காட்டு மிருகத்தைப் பிடித்துக் கூண்டில் போட்டுப் பழக்குகிற மாதிரிப் பழக்குவது. கிறித்தவம் செய்தது அது. இன்னொன்று, நல்ல சாதிக் குதிரையைப் பெருக்குவதுபோல மனிதர்களை இனம் பார்த்துப் பெருக்குவது. இதற்கு அவர் காட்டும் மிகப் பெரிய உதாரணம் மனுவின் சட்டம். கிறித்தவம் என்ற நோயாளி அறையிலிருந்து மனுவின் உலகத்துக்குள் வந்தால் மூச்சு விட முடிகிறதாம். அப்படி எழுதிவிட்டு, அந்த ஒழுங்கு தன்னைக் காப்பாற்றிக்கொள்ளச் சண்டாளனை என்ன செய்தது என்று ஒரு பட்டியல் போடுகிறார். அவன் பூண்டும் வெங்காயமும்தான் தின்ன வேண்டும். ஆற்றிலோ கிணற்றிலோ குளத்திலோ தண்ணீர் எடுக்கக் கூடாது, சதுப்பு நிலத்து ஓரத்திலும் மிருகங்களின் குளம்படிக் குழியிலும் தேங்கியதைத்தான் எடுக்கலாம். குளிக்கக் கூடாது, துணி துவைக்கக் கூடாது. பிணத்தின் துணி, உடைந்த சட்டி, துருப்பிடித்த இரும்பு இவைதான் அவன் சொத்து. சண்டாளப் பெண்ணின் பிரசவத்துக்குச் சூத்திரப் பெண்கூட உதவக் கூடாது.

குளம்படித் தண்ணீர் என்ற இடத்தில் நான் புத்தகத்தை மூடிவிட்டேன். எங்கள் ஊரில் ஊர்க்கிணற்றில் நாங்கள் கயிறு போட முடியாது. கோடையில் ஏரிக்குள் ஊற்றுத் தோண்டி, ஊறுகிற தண்ணியைக் கொட்டாங்கச்சியால் மொண்டு மொண்டு குடத்தை நிரப்புவோம். மாடும் வந்து அதில்தான் வாய் வைக்கும். ஜெர்மன் தத்துவவாதிக்கு ஆராய்ச்சிச் செய்தியாக இருந்தது எங்க அம்மாவுக்கு விடியற்காலை வேலை.

நியாயமாக ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நம் உணர்வுக்கு இதைவிட ஒவ்வாதது ஏதுமில்லை என்று அந்த இடத்திலேயே நீட்ஷேயும் சொல்கிறார். பழக்குவதும் சரி, பெருக்குவதும் சரி, இரண்டுமே ஒழுக்கக்கேடான வழிகளில்தான் காரியம் சாதித்தன என்றுதான் அதிகாரத்தை முடிக்கிறார். 'சுத்த இரத்தம்' என்பது அப்பாவியான கருத்தல்ல என்பதும் அவர் கண்டுகொண்டதுதான். இந்த வரிகளை எடுத்துக் காட்டி, அவர் மனுவைக் கிண்டல் செய்கிறார் என்று வாதாடுகிற பேராசிரியர்கள் உண்டு. அவர்கள் அடுத்த புத்தகத்தையும் படிக்க வேண்டும்.

அடுத்த புத்தகம் 'கிறித்துவின் எதிரி'. அதே 1888இல் எழுதி முடித்தது, அச்சில் வந்தது 1895இல். அங்கே கிண்டல் இல்லை. பைபிளை மனுவின் பக்கத்தில் வைத்துப் பேசுவதே பாவம் என்கிற தொனியில் மனுவைத் தூக்கி வைக்கிறார். சாதி ஒழுங்கு என்பது யாரோ செய்த ஏற்பாடு அல்ல, இயற்கையின் ஒழுங்கு, அதற்கு மனு முத்திரை குத்தினான், அவ்வளவுதான் என்கிறார். உச்சியில் சிலர், அவர்களுக்குக் கீழே காவல் காக்கிறவர்கள், அதற்கும் கீழே உழைக்கிற பெருங்கூட்டம். இன்றைய கும்பலில் தான் மிகவும் வெறுப்பது யாரை என்று கேட்டுக்கொண்டு, சோசலிஸ்டுகளை என்று பதில் சொல்கிறார். உழைப்பவனின் மனதில் பொறாமையையும் பழி உணர்வையும் கிளப்பிவிடுகிற அவர்களுக்கு அவர் வைக்கிற பெயரில் சண்டாளன் வந்து நிற்கிறான். சமத்துவம் கேட்பதே சண்டாளப் புத்தி.

2

இப்போது தங்கச்சி விஷயம். எலிசபெத் செய்தது சின்ன வேலை அல்ல. அவள் புருஷன் பெர்ன்ஹார்ட் ஃபோர்ஸ்டர் யூத வெறுப்பையே தொழிலாக வைத்திருந்தவன். இரண்டு பேரும் 1880களில் பராகுவே நாட்டில் 'புதிய ஜெர்மானியா' என்று சுத்த ஆரியக் குடியேற்றம் ஒன்றை அமைத்துத் தோற்றுப் போனார்கள். அண்ணன் 1889இல் மனம் பிறழ்ந்து விழுந்த பிறகு அவர் கையெழுத்துப் பிரதிகளைத் தன் வசம் எடுத்துக்கொண்டு, விட்டுப்போன குறிப்புகளை வெட்டி ஒட்டி 'அதிகார விருப்பு' என்று ஒரு புத்தகமாகவே ஆக்கினாள். 1935இல் அவள் சாவுக்கு ஹிட்லரே வந்திருந்தான். நீட்ஷேயோ யூத வெறுப்பாளர்களைக் கண்டால் காறித் துப்புகிறவர். வாக்னரோடு உறவை முறித்துக்கொண்டவர். தங்கை அப்படி ஒருத்தனைக் கட்டிக்கொண்டதையே மன்னிக்காதவர். இதெல்லாம் உண்மை.

ஆனால் மனுவைப் புகழ்ந்ததில் தங்கைக்குப் பங்கு கிடையாது. 'சிலைகளின் அந்தி'யை அவரே அச்சுக்குக் கொடுத்தார். அதற்கும் முன்னால், 1888 மே 31ஆம் தேதி நண்பர் பீட்டர் காஸ்ட்டுக்கு எழுதின கடிதத்தில், மனுவைக் கண்டுபிடித்துவிட்ட சந்தோஷத்தைக் கொட்டியிருக்கிறார். யூதர்களே எஜமானர்களிடம் பாடம் கற்றுக்கொண்ட ஒரு சண்டாள இனமாகத் தெரிகிறார்கள் என்று அதில்தான் எழுதுகிறார். அவருக்கு யூத வெறுப்பாளனைப் பிடிக்காது. ஆனால் யூதனைச் சண்டாளன் என்று சொல்லுகிற வசதியை அவர்தான் செய்து கொடுத்தார். ஆரிய மதிப்பீடுகளுக்கு எதிராகச் சண்டாள மதிப்பீடுகள் பெற்ற வெற்றிதான் கிறித்தவம், அது யூத வேரிலிருந்து வந்தது என்பது 'சிலைகளின் அந்தி'யில் அவர் வந்து சேரும் முடிவு. அந்த முடிவில் ஆரியன், யூதன், சண்டாளன் மூன்று பேரும் ஒரே வாக்கியத்துக்குள் நின்றாகிவிட்டது.

இந்த யோசனையை அவர் எங்கே பிடித்தார்? லூயி ஜகோலியோ என்ற பிரெஞ்சுக்காரரின் 1876ஆம் ஆண்டுப் புத்தகத்தில். சந்திரநாகூரில் பிரெஞ்சு ஆட்சியின் நீதிபதியாக இருந்தவர் இந்த ஜகோலியோ. இவர் 'மனு' என்று கொடுத்ததில் பல விதிகள் சமஸ்கிருத மூலத்தில் கிடையாது. குளம்படித் தண்ணீர்கூட மூலத்தில் இல்லை. சண்டாளர்கள் இந்தியாவை விட்டு மேற்கே போய் யூதர்கள் முதலான செமித்தியர்களாக ஆனார்கள் என்பதும் இவர் கட்டிவிட்ட கதைதான். 1886இலேயே பூலரின் நம்பகமான ஆங்கில மொழிபெயர்ப்பு வந்துவிட்டது. மொழிநூல் பேராசிரியராக இருந்த நீட்ஷே அதைத் தேடிப் பார்க்கவில்லை. அவருக்கு வேண்டியது இந்தப் புத்தகத்தில் கிடைத்தது.

அப்படியானால் மனு தப்பித்துக்கொண்டானா? இல்லை. மூலத்தின் பத்தாம் அத்தியாயமே போதும். ஊருக்கு வெளியே குடியிருப்பு, உடைந்த சட்டி, பிணத் துணி, இரும்பு நகை எல்லாம் அங்கேயே உண்டு. முக்கியமானது இன்னொன்று. அங்கே சண்டாளன் யார்? சூத்திர ஆணுக்கும் பிராமணப் பெண்ணுக்கும் பிறந்தவன். அதாவது கலப்பினால் உண்டானவன். அவன் மேல் விழுகிற தண்டனை எல்லாம் அவன் செய்த குற்றத்துக்கு அல்ல, அவன் பிறப்பதற்கு முன்னால் நடந்த கலப்புக்கு. இந்தக் 'கலப்பு' என்ற புள்ளியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். திரும்பி வருகிறேன்.

3

ஹிட்லர் மனுவைப் படித்துவிட்டு யூதர்களைக் கொன்றான் என்று யாராவது மேடையில் பேசினால் கைதட்டல் விழும். ஆனால் அது பொய். நான் அதைச் சொல்ல வரவில்லை. ஜெர்மன் பாசிசத்துக்கு அந்த மண்ணிலேயே ஆழமான வேர்கள் உண்டு. யூதர்களின் ஜெபக்கூடங்களைக் கொளுத்தச் சொல்லி மார்ட்டின் லூதர் 1543இல் எழுதியிருக்கிறார். யூதர்களுக்குக் குடியுரிமை கொடுக்க வேண்டுமானால் ஒரே ராத்திரியில் அவர்கள் தலையை வெட்டி வேறு தலை வைக்க வேண்டும் என்று தத்துவவாதி ஃபிக்டே 1793இல் எழுதினார். வாக்னர் 1850இல் இசையிலிருந்து யூதனை விரட்டினார். வில்ஹெல்ம் மார் 1879இல் யூத எதிர்ப்புக்கென்றே ஒரு கழகம் கண்டார். யூதர்கள்தான் நம் துரதிர்ஷ்டம் என்று பெர்லின் பல்கலைக்கழக வரலாற்றுப் பேராசிரியர் டிரைச்கே அதே ஆண்டில் எழுதினார். அந்த வாக்கியத்தைத்தான் பின்னாளில் நாஜிகளின் 'ஸ்டுர்மர்' பத்திரிகை தன் முகப்பில் இதழ்தோறும் போட்டது. தெருப்பொறுக்கி எழுதின வாக்கியம் அல்ல அது, பேராசிரியர் எழுதினது. மாம்சன் போன்ற வேறு பேராசிரியர்கள் அப்போதே அவரை எதிர்த்து எழுதினார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

மதத்திலிருந்து வந்த வெறுப்பை விஞ்ஞானம் எடுத்துக்கொண்டது. 'இன சுகாதாரம்' என்ற சொல்லை 1895இல் ஆல்ஃபிரட் ப்ளோட்ஸ் என்ற மருத்துவர் உண்டாக்கினார், 1905இல் அதற்கு ஒரு சங்கம் வைத்தார். வாழத் தகுதியற்ற உயிர்களை அழிப்பதற்கு அனுமதி வேண்டும் என்று சட்டப் பேராசிரியர் பிண்டிங்கும் மனநல மருத்துவர் ஹோஹேவும் 1920இல் சேர்ந்து ஒரு புத்தகம் போட்டார்கள். இருபது வருஷம் கழித்து, 1940-41இல், ஊனமுற்றவர்களும் மனநோயாளிகளும் 70,000 பேருக்கு மேல் விஷவாயு அறைகளில் கொல்லப்பட்டார்கள். யூதர்களைக் கொன்ற தொழில்நுட்பத்துக்கு ஒத்திகை அங்கேதான் நடந்தது.

இன்னொரு ஒத்திகை ஆப்பிரிக்காவில். ஜெர்மன் தென்மேற்கு ஆப்பிரிக்காவில், இன்றைய நமீபியாவில், ஹெரேரோ, நாமா மக்களை 1904க்கும் 1908க்கும் இடையில் பாலைவனத்தில் விரட்டியும் முகாம்களில் அடைத்தும் அழித்தார்கள். அந்தக் காலனியில் 1905இலேயே கலப்பு மணத்துக்குத் தடை வந்துவிட்டது. 1908இல் அங்கே போன ஆய்கன் ஃபிஷர் என்ற மானிடவியலாளர், கலப்பில் பிறந்த ரெஹோபோத் மக்களின் தலையையும் மூக்கையும் அளந்து 1913இல் புத்தகம் போட்டார். அந்தப் புத்தகம் அவரைப் பெர்லினில் ஆராய்ச்சி நிறுவனத்தின் தலைவராக்கியது. 1933இல் பெர்லின் பல்கலைக்கழகத்தின் தலைமையும் கிடைத்தது. ஜெர்மன் தாய்க்கும் கறுப்புப் படைவீரனுக்கும் பிறந்த ரைன்லாந்துப் பிள்ளைகள் சுமார் 400 பேருக்கு 1937இல் ரகசியமாகக் கருத்தடை செய்தபோது, சோதித்துச் சான்று கொடுத்தவர்களில் ஃபிஷரும் உண்டு.

இவையெல்லாம் இருந்தும் நாஜிகள் தாமாக ஆட்சிக்கு வந்துவிடவில்லை. 1918 தோல்வி, 1923 பணவீக்கம், 1932இல் அறுபது லட்சம் வேலையற்றோர், இடதுசாரிகள் ஒருவரை ஒருவர் அடித்துக்கொண்டது, கடைசியில் 1933 ஜனவரி 30ஆம் தேதி ஹிட்லரைக் கூப்பிட்டு நாற்காலியைக் கொடுத்த பிரபுக்களும் தளபதிகளும் - இத்தனையும் வேண்டியிருந்தது. பசி வந்தால் கோபம் வரும். அந்தக் கோபத்தை யார் வீட்டு வாசலில் கொண்டுபோய்ப் போடுவது என்பதைத்தான் கருத்தியல் தீர்மானிக்கிறது. நூறு வருஷமாகப் படித்தவர்கள் அந்த வீட்டுக்கு அடையாளம் வைத்துக்கொண்டிருந்தார்கள். நாடு ஹிட்லர் கைக்குப் போவதற்கு முன்பே, 1931இல், ஜெர்மன் மாணவர் பேரவை நாஜி மாணவர்கள் கைக்குப் போய்விட்டது. 1933 மே 10ஆம் தேதி பல்கலைக்கழக நகரங்களில் புத்தகங்களைக் கொளுத்தியது ராணுவம் இல்லை, மாணவர்கள். யூதர்களை ஒழிக்கும் வேலையைத் துறைவாரியாகப் பிரித்துக்கொள்ள 1942 ஜனவரி 20இல் வான்சேயில் கூடின பதினைந்து பேரில் பாதிக்கு மேல் டாக்டர் பட்டம் வாங்கினவர்கள். படிப்பறிவு வந்தால் எல்லாம் மாறிவிடும் என்று நமக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள் இல்லையா, இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

4

இந்தக் கதையில் இந்தியாவின் இடம் என்ன? நான் படித்துப் புரிந்துகொண்டது இதுதான். இனவாத அறிஞர்களுக்கு இந்தியா ஒரு பரிசோதனைச் சாலையாக இருந்தது.

சமஸ்கிருதத்துக்கும் கிரேக்கம், லத்தீனுக்கும் உறவு உண்டு என்று 1786இல் கல்கத்தாவில் வில்லியம் ஜோன்ஸ் சொன்னார். அவர் ஆங்கிலத்தில் கொண்டுவந்த மனு 1797இலேயே ஜெர்மனுக்குப் போய்விட்டது. மொழிக் குடும்பம் மெல்ல இரத்தக் குடும்பமாக மாறியது. ஆரியம் என்பது மொழியைக் குறிக்கும், இரத்தத்தை அல்ல என்று மாக்ஸ் முல்லர் 1888இல் கண்டித்துச் சொன்னபோது காலம் கடந்துவிட்டது. பிரெஞ்சுக்காரரான கோபினோ 1853-55இல் மனித இனங்களின் சமத்துவமின்மை பற்றி எழுதின பெரிய நூலில், நாகரிகங்கள் செத்துப் போவதற்கு இரத்தக் கலப்புத்தான் காரணம் என்றார். கலப்பைத் தடுக்க மதில் கட்டினவர்கள் என்று பிராமணர்களைக் கொண்டாடினார். சொந்த நாட்டில் கவனிப்பாரில்லாத அவருக்கு 1894இல் ஜெர்மனியில் சங்கம் வைத்தார்கள். வாக்னரின் மருமகன் சேம்பர்லைன் 1899இல் எழுதின நூல் இதே சரக்கைப் படித்த குடும்பங்களின் அலமாரிக்குக் கொண்டுபோனது. அதே மனிதர் 1923இல் ஹிட்லரைச் சந்தித்து ஆசீர்வதித்தார்.

வியன்னாவில் லான்ஸ் என்ற முன்னாள் துறவி 1905 முதல் 'ஓஸ்டாரா' என்று சின்னச் சின்னப் பிரசுரங்கள் போட்டார். பொன்னிற முடிக்காரர்களுக்கான பத்திரிகை என்று சொல்லிக்கொண்ட அதில், தாழ்ந்த இனங்கள் எல்லாவற்றுக்கும் ஒரே பெயர் சண்டாளர். வாலிபனாக வியன்னாவில் சுற்றின ஹிட்லர் அதைக் காசு கொடுத்து வாங்கினானா இல்லையா என்று ஆய்வாளர்கள் மல்லுக்கட்டுகிறார்கள். அது எனக்குப் பெரிய விஷயமாகப் படவில்லை. வியன்னாவின் பெட்டிக்கடையில் அந்தச் சொல் தொங்கிக்கொண்டிருந்தது என்பதுதான் விஷயம்.

இனி நாஜிகளே எழுதினதைப் பார்க்கலாம். கட்சியின் தத்துவவாதி ரோசன்பெர்க் 1930இல் எழுதின 'இருபதாம் நூற்றாண்டின் புராணம்' என்ற நூலில் இந்தியா வருகிறது. வெள்ளை ஆரியன் வந்தான், வர்ணம் என்ற மதிலைக் கட்டினான், மதில் இடிந்தது, இரத்தம் கலந்தது, அழிந்தான். ஹிட்லரின் அபிமான இன ஆய்வாளர் குந்தர் 1934இல் ஆசிய ஆரியர்களைப் பற்றித் தனி நூலே எழுதினார். அதிலும் இதே ஒப்பாரிதான். சாதியைக் கொடுமை என்று இவர்கள் பார்க்கவில்லை. உலகின் முதல் இனச் சட்டமாகப் பார்த்தார்கள். அது உள்ளே கலந்து கெட்டுப்போனது என்பதுதான் அவர்கள் எடுத்துக்கொண்ட பாடம். ஆகவே நம்முடைய மதில் இன்னும் உயரமாக, இடுக்கே இல்லாமல் இருக்க வேண்டும்.

அந்த மதிலை 1935 செப்டம்பரில் நூரம்பெர்கில் கட்டினார்கள். யூதருக்கும் ஜெர்மானியருக்கும் கல்யாணம் கூடாது, உடலுறவு கூடாது. சட்டத்தின் பெயரிலேயே இரத்தமும் மானமும் இருக்கின்றன. இதற்கு மாதிரியாக அமெரிக்காவின் கலப்பு மணத் தடைச் சட்டங்களை நாஜி வழக்கறிஞர்கள் உட்கார்ந்து படித்தார்கள் என்பதும் இப்போது நன்றாகத் தெரிந்த செய்தி. ஒரு வேடிக்கை உண்டு. இத்தனை இரத்தம் பேசினவர்களால் இரத்தத்தில் யூதனைக் கண்டுபிடிக்க முடியவில்லை. தாத்தா பாட்டி எந்த மதம் என்று பதிவேட்டைப் புரட்டித்தான் முடிவு கட்டினார்கள். நாலில் மூன்று பேர் யூத மதம் என்றால் நீ யூதன். ஒருத்தன் என்ன சாதி என்று எந்தச் சோதனைக் குழாயிலும் தெரியாது, "எந்தத் தெரு?" என்று கேட்டால்தான் தெரியும். அதே கதைதான்.

5

கலப்புக்குத் திரும்பி வருகிறேன் என்று சொன்னேன். சண்டாளன் வெறும் சொல்லாகப் போகவில்லை. ஐரோப்பாவில் அவனுக்கு உயிரோடு இருக்கிற உடம்பும் கிடைத்தது. ரோமா, சிந்தி மக்களைச் சொல்கிறேன். ஊர் ஊராய்ப் போகிறவர்கள் என்று ஜிப்சிகளாக நாம் கேள்விப்பட்டிருக்கிற அந்த மக்களின் மொழி வடஇந்திய மொழிகளின் உறவு. இதைப் பரப்பின கிரெல்மன் என்ற ஜெர்மன் அறிஞர் 1783இல் வெளியிட்ட நூலில், இவர்கள் இந்தியாவின் ஆகக் கீழான சாதியினர், 'பரியா'க்கள் என்று முடிவு கட்டினார். பறை என்ற நம் சொல்லில் பிறந்து ஐரோப்பிய அகராதிகளுக்குள் போன சொல் அது. தங்களைப் பற்றி அந்த மக்கள் என்ன சொல்கிறார்கள் என்று யாரும் கேட்கவில்லை. எங்கிருந்து வந்தவர்கள் என்று கண்டுபிடித்த அதே மூச்சில் எந்தச் சாதி என்றும் எழுதியாகிவிட்டது. நீட்ஷேயோடு கடிதம் எழுதிக்கொண்டிருந்த சுவீடன் எழுத்தாளர் ஸ்ட்ரிண்ட்பெர்க் 1889இல் ஒரு நாவல் வெளியிட்டார். அதன் தலைப்பே 'சண்டாளன்'. படித்த மேன்மகன் ஒருவன் ஒரு ஜிப்சியைத் தந்திரத்தால் ஒழித்துக்கட்டுகிற கதை.

மியூனிக் போலீஸ் 1899இலேயே இவர்களுக்கென்று தனி அலுவலகம் வைத்தது. 1905இல் பெயரும் அங்க அடையாளமும் போட்டுப் புத்தகம் அச்சடித்தது. 1871இல் வெள்ளைக்காரன் இங்கே கொண்டுவந்த குற்றப்பரம்பரைச் சட்டத்தை அறிந்தவர்களுக்கு இந்தக் கைரேகை வியாபாரம் புதிதல்ல. 1936இல் ராபர்ட் ரிட்டர் என்ற மருத்துவரிடம் பெர்லினில் ஓர் ஆராய்ச்சி நிலையத்தை ஒப்படைத்தார்கள். ஆட்கள் வண்டி வண்டியாகப் போய்த் தலையை அளந்தார்கள், வம்ச வரைபடம் போட்டார்கள். ரிட்டருக்கு ஒரு சிக்கல் இருந்தது. இந்த மக்கள் இந்தியாவிலிருந்து வந்தவர்கள் என்றால் ஒருவகையில் ஆரியர்கள் ஆகிவிடுகிறார்களே! அவர் கண்டுபிடித்த விடையைப் பாருங்கள். சுத்தமானவர்கள் கொஞ்சம் பேர்தான், பத்தில் ஒன்பது பேர் கலப்பு, கலந்தவனே ஆபத்தானவன். மனுவின் பத்தாம் அத்தியாயத்தை ரிட்டர் புரட்டியிருக்கத் தேவையில்லை. 'தூய்மை'யிலிருந்து யோசிக்கத் தொடங்குகிற எவனும் இதே இடத்துக்குத்தான் வந்து சேருவான். கலந்தவன் தூய்மை என்ற பொய்யைப் பொய் என்று காட்டும் சாட்சி. அதனால் அவனை ஊருக்கு வெளியே வைக்க வேண்டும். வைத்தும் அடங்காவிட்டால் கொல்ல வேண்டும்.

ரிட்டரின் உதவியாளர் ஏவா யுஸ்டின். ரோமானி மொழி பேசக் கற்றுக்கொண்டு, அந்தக் குடும்பங்களிடம் சிநேகமாகப் பழகினவள். முல்ஃபிங்கன் என்ற ஊரில் ஒரு கத்தோலிக்க அநாதை இல்லத்தில் இருந்த சிந்திக் குழந்தைகளை வைத்து டாக்டர் பட்டத்துக்கு ஆய்வு செய்தாள். ஆய்வு முடிகிறவரை அந்தக் குழந்தைகளை அனுப்பாமல் வைத்திருந்தார்கள். முடிந்ததும், 1944 மே மாதம், 39 குழந்தைகளையும் ஆஷ்விட்சுக்கு ஏற்றினார்கள். உயிரோடு திரும்பியவர்கள் நாலு பேர். அதே ஆண்டு ஆகஸ்ட் 2ஆம் தேதி ராத்திரி, ஆஷ்விட்சின் ஜிப்சி முகாமில் மிச்சமிருந்த நாலாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைக் கொன்று முகாமையே காலி செய்தார்கள். ஐரோப்பா முழுக்க இப்படிச் செத்த ரோமா, சிந்திகளின் கணக்கு இரண்டு லட்சத்திலிருந்து ஐந்து லட்சம்வரை ஆளுக்கு ஒன்றாக இருக்கிறது. எண்ணி வைக்க யாருக்கும் அக்கறை இல்லாத சாவுகளின் கணக்கு அப்படித்தான் இருக்கும். நமக்கும் தெரியும்.

போர் முடிந்தது. ரோசன்பெர்கைத் தூக்கிலிட்டார்கள். ரிட்டரும் யுஸ்டினும் தண்டனை எதுவும் இல்லாமல் பிராங்க்பர்ட் நகர சுகாதாரத் துறையில் வேலை பார்த்தார்கள். 1943க்கு முன்னால் ஜிப்சிகளுக்கு நடந்தது இனக் கொடுமை அல்ல, அவர்களின் குற்ற சுபாவத்துக்காகப் போலீஸ் எடுத்த நடவடிக்கை என்று 1956இல் மேற்கு ஜெர்மனியின் உயர்ந்த நீதிமன்றமே தீர்ப்பெழுதியது. 1980 ஈஸ்டரில் சிந்திகள் டாஹாவ் முகாமிலேயே உண்ணாவிரதம் உட்கார்ந்தார்கள். 1982இல்தான் அரசு அது இனப்படுகொலை என்று ஒத்துக்கொண்டது. பெர்லினில் நினைவிடம் வந்தது 2012இல். நாஜிகள் தோற்றுப்போனார்கள், 'சுபாவம்' என்ற கருத்து தோற்கவில்லை.

6

தங்கச்சிமேல் பழியைப் போட்ட அந்த அண்ணனுக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய பதில் ரொம்ப காலத்துக்கு முன்பே எழுதப்பட்டிருந்தது. எழுதினவர் அம்பேத்கர். 'இந்து மதத் தத்துவம்' என்ற அவருடைய கட்டுரை அவர் காலத்தில் அச்சாகவில்லை, 1987இல் மகாராஷ்டிர அரசு வெளியிட்ட மூன்றாம் தொகுதியில்தான் வந்தது. இந்து சமூக ஒழுங்குக்கு ஒப்பாகச் சொல்ல உலகத் தத்துவத்தில் யார் இருக்கிறார் என்று தேடிக்கொண்டு போகிற அம்பேத்கர், நீட்ஷேயிடம் வந்து நிற்கிறார். நீட்ஷே மனுவைப் புகழ்ந்த இடங்களை எடுத்து வைத்து, ஜரதுஷ்டிரன் மனுவுக்கு வைத்த மறுபெயர்தான் என்கிறார். அதோடு விடவில்லை. நீட்ஷேயின் அதிமனிதன் தகுதியால் உயர்கிறவன், மனுவின் அதிமனிதனோ பிறப்பாலேயே உயர்ந்தவன், ஆகவே மனு அவரைவிடக் கீழானவன் என்று தராசில் வைத்துக் காட்டுகிறார். ஐரோப்பியப் பேராசிரியர்கள் நீட்ஷேயை நாஜிகளிடமிருந்து மீட்டெடுக்கப் பாடுபட்டார்கள். அந்தப் பக்கங்களில் இருக்கிற சண்டாளனை மீட்டெடுக்க வந்தவர் சண்டாளனாக நடத்தப்பட்டவர் ஒருவர்தான்.

தமிழில் நீட்ஷேயைக் கொண்டாடிக் கட்டுரைகள் வந்த அளவுக்கு இந்தப் பகுதி பேசப்படவில்லை என்பது என் குற்றச்சாட்டு. அதிகாரத்தைக் கட்டுடைக்கிறவராக அவரை அறிமுகம் செய்தார்கள். அது அவரிடம் இருக்கிறது, நானும் அதைப் படித்துத்தான் வளர்ந்தேன், தூக்கிப்போடச் சொல்லவில்லை. ஆனால் கட்டுடைக்கிறவர் மனுவின் வாசலில் வந்து ஏன் கை கட்டி நின்றார் என்று கேட்காமல் அவரை நமக்குக் கொடுக்காதீர்கள். அந்தப் பக்கத்தைத் தாண்டிப் போக முடிகிறவருக்கு அது ஒரு மேற்கோள். எனக்கு அது எங்க அம்மாவின் குடம்.

நம் பக்கத்திலும் ஒரு எச்சரிக்கை வேண்டும். ஆரிய இரத்தம் என்று அவன் சொன்னால், எங்கள் இரத்தம்தான் மூத்தது, சுத்தமானது என்று பதில் சொல்கிற ஆசை நமக்கும் வருகிறது. அம்பேத்கர் 1946இல் 'சூத்திரர்கள் யார்?' நூலில் ஆரிய இனக் கோட்பாட்டையே நிராகரித்தார். மனுவும் கோபினோவும் ரிட்டரும் வெவ்வேறு காலம், வெவ்வேறு நாடு. மூன்று பேருக்கும் பொதுவாக இருப்பது கலப்பைக் குற்றமாகப் பார்க்கும் கண். அந்தக் கண்ணை நாம் இரவல் வாங்கக் கூடாது. கலந்து காதலித்ததற்காகப் பிள்ளைகளைத் தண்டவாளத்தில் போடுகிற ஊரில் உட்கார்ந்துகொண்டு இதை எழுதுகிறேன், யாருக்கும் உபதேசமாகச் சொல்லவில்லை.

டிரெஸ்டன் நகரத்தில் விக்டர் க்ளெம்பரர் என்று ஒரு யூதப் பேராசிரியர் இருந்தார். வேலையைப் பிடுங்கினார்கள், வீட்டைப் பிடுங்கினார்கள். பன்னிரண்டு வருஷமும் அவர் நாஜிகள் புழங்கின சொற்களைத் தினம் தினம் குறித்து வைத்துக்கொண்டிருந்தார். 1947இல் அது புத்தகமாக வந்தது. கொலை வருவதற்கு முன்னால் சொல் எப்படி வந்து வீட்டில் குடியேறியது என்பதற்கு அதைவிடப் பெரிய சாட்சியம் இல்லை. அப்படி ஒரு நோட்டு நம்மில் ஒவ்வொருத்தரும் போட வேண்டும் என்று நினைக்கிறேன். படிக்கிற தம்பி தங்கைகள் செய்யலாம். பாடப் புத்தகத்தில், சினிமாவில், தெருச் சண்டையில், நம் வீட்டுக்குள்ளேயே எந்தெந்தச் சாதிச் சொல் திட்டாகப் புழங்குகிறது, யார் வாயில் வருகிறது, யார்மேல் போய் விழுகிறது என்று தேதி போட்டு எழுதுங்கள். எழுதினதை இதழுக்கு அனுப்புங்கள்.

என்னுடைய நோட்டில் முதல் பக்கம் ஆயாவுடையது. ஆயா செத்துப் பல வருஷம் ஆகிறது. அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று கடைசி வரைக்கும் நான் அதுகிட்டச் சொல்லவேயில்லை.